படி தாண்டி வந்தால் பார் கவுன்சில் கேட்கும்: சட்டப் படிப்பில் சேர என்ன தகுதி வேண்டும்?

பிளஸ் டூ ரிசல்ட் வருகிற வாரத்தில் வழக்கறிஞர் அலுவலகங்களுக்கு வழக்கே இல்லாத ஆட்களும் வருவார்கள். அப்பாவும் பையனுமாக, அம்மாவும் மகளுமாக. கையில் பிரவுசிங் சென்டரில் எடுத்த மார்க் ஷீட் பிரிண்ட். ஃபேன் காற்றுக்குப் பறக்காமல் அதை மேசையில் அழுத்திப் பிடித்துக்கொண்டு கேட்பார்கள்: "சார், இந்த மார்க்குக்கு லா கிடைக்குமா?"

கேட்பது ஒரு கேள்விதான். உள்ளே மூன்று இருக்கின்றன. விண்ணப்பம் போடத் தகுதி இருக்கிறதா? போட்டால் இடம் கிடைக்குமா? படித்து முடித்தால் வழக்கறிஞராகப் பதிவு செய்துகொள்வார்களா? மூன்றுக்கும் பதில் சொல்கிற இடம் வேறு வேறு. தகுதியை விதி சொல்லும். இடத்தை ரேங்க் பட்டியல் சொல்லும். பதிவை, வழக்கறிஞர்களைப் பட்டியலில் சேர்க்கும் சட்டப்பூர்வ அமைப்பான மாநில பார் கவுன்சில் சொல்லும். வருகிறவர்கள் எல்லாரும் நடுவில் உள்ள கேள்விக்குத்தான் கவலைப்படுகிறார்கள். எனக்குத் தெரிந்து ஆட்கள் வழுக்கி விழுவது முதலாவதிலும் மூன்றாவதிலும்தான். இந்தக் கட்டுரை அந்த இரண்டையும் பற்றியது. இரண்டுக்கும் ஒரே காகிதங்களைத்தான் புரட்டிப் பார்க்கிறார்கள்.

விதி எங்கிருந்து வருகிறது?

1961-ஆம் ஆண்டின் வழக்கறிஞர்கள் சட்டம்தான் மூலம். சட்டக் கல்வியின் தரத்தை வகுக்கும் வேலையை அது இந்திய பார் கவுன்சிலிடம் கொடுத்திருக்கிறது. பார் கவுன்சில் அதன்படி போட்டவைதான் 2008-ஆம் ஆண்டின் சட்டக் கல்வி விதிகள். யார் சேரலாம், எத்தனை ஆண்டு படிக்க வேண்டும், வாரத்துக்கு எத்தனை மணி நேரம் வகுப்பு என்பது வரை அதில் இருக்கிறது.

பல்கலைக்கழகம்தானே டிகிரி கொடுக்கிறது, பார் கவுன்சிலுக்கு இதில் என்ன வேலை என்று சிலர் கேட்பார்கள். டிகிரி கொடுப்பது பல்கலைக்கழகம்தான். ஆனால் அந்த டிகிரியை வைத்துக்கொண்டு நீதிமன்றத்தில் எழுந்து நின்று பேசுகிற உரிமையை அது கொடுக்க முடியாது. மாநில பார் கவுன்சிலின் பட்டியலில் பெயர் ஏறினால்தான் உண்டு. பார் கவுன்சில் ஏற்காத டிகிரியை ஃபிரேம் போட்டுச் சுவரில் மாட்டிக்கொள்ளலாம், அவ்வளவுதான். ஆகவே பார் கவுன்சில் சொல்வது அடிமட்டம். கல்லூரியோ பல்கலைக்கழகமோ அதற்கு மேல் எவ்வளவு வேண்டுமானாலும் கேட்கலாம். கீழே இறங்க முடியாது.

இரண்டு பாதைகள்

முதல் பாதை, பிளஸ் டூ முடித்ததும் நேராக ஐந்தாண்டுப் படிப்பு. இதில் இரண்டு டிகிரிகள் சேர்ந்து வரும்: பி.ஏ. எல்எல்.பி., பி.காம். எல்எல்.பி., பி.பி.ஏ. எல்எல்.பி., பி.சி.ஏ. எல்எல்.பி. என்று. இரண்டாவது பாதை, ஏதாவது ஒரு டிகிரியை முடித்துவிட்டு மூன்றாண்டு எல்எல்.பி. நேரக் கணக்கில் பார்த்தால் முதலாவது ஐந்து ஆண்டு, இரண்டாவது மூன்றும் மூன்றும் ஆறு. பார் கவுன்சில் பதிவில் இரண்டுக்கும் வித்தியாசம் கிடையாது. 'அஞ்சு வருஷ லாதான் ஒரிஜினல்' என்று டீக்கடையில் யாராவது சொன்னால் டீயைக் குடித்துவிட்டு வந்துவிடுங்கள்.

எந்த குரூப் படித்திருக்க வேண்டும் என்ற கேள்விக்குப் பதில் சுருக்கமானது: எதுவும். கணக்கு-அறிவியல், வணிகவியல், வரலாறு, தொழிற்கல்வி எல்லாம் சரி. டிகிரியும் அப்படித்தான், 'எந்த அறிவுத் துறையிலும்' பட்டம் பெற்றவர் என்றுதான் விதி சொல்கிறது. வேதியியல் படித்தவரும் வரலாம், பொறியியல் படித்தவரும் வரலாம், மருத்துவரும் வரலாம்.

45, 40: எதில் 45?

விதி 7 சொல்வது இது. தகுதித் தேர்வில் மொத்த மதிப்பெண்ணில் பொதுப் பிரிவினருக்கு 45 விழுக்காட்டுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 40 விழுக்காட்டுக்கும் குறையாமல் இருக்க வேண்டும். தகுதித் தேர்வு என்பது ஐந்தாண்டுப் படிப்புக்கு பிளஸ் டூ. மூன்றாண்டுப் படிப்புக்கு டிகிரி.

தமிழ்நாடு மாநில வாரியத்தின் கணக்கில் போட்டுப் பார்ப்போம். பிளஸ் டூ ஆறு பாடம், 600 மதிப்பெண். பாடத்துக்கு 35 எடுத்தால் பாஸ். ஒருவர் ஆறிலும் சரியாக 35 எடுத்தால் 210. பாஸ்தான், வீட்டில் லட்டு வாங்கிக் கொடுக்கலாம். ஆனால் 600-இல் 40 விழுக்காடு 240, 45 விழுக்காடு 270. அதாவது 210-இலிருந்து 239 வரை எடுத்தவர் பாஸ் ஆனவர், ஆனால் எந்தப் பிரிவாக இருந்தாலும் ஐந்தாண்டு லா-வுக்குத் தகுதி இல்லாதவர். 240-இலிருந்து 269 வரை பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்களுக்குத் தகுதி உண்டு. 270 தொட்டால் எல்லாருக்கும் உண்டு. 1200 மதிப்பெண் இருந்த காலத்தில் பிளஸ் டூ முடித்தவர்கள் இந்த எண்களை இரண்டால் பெருக்கிக்கொள்ள வேண்டும். 'பாஸ் பண்ணிட்டேன், அப்புறம் ஏன் அப்ளிகேஷன் ரிஜெக்ட் ஆச்சு' என்று வருகிறவர்கள் பெரும்பாலும் இந்த இடைவெளியில் மாட்டியவர்கள்தான்.

45, 40 இரண்டும் அடிமட்டம் என்றேனே, மேலே போகிறவர்கள் உண்டு. டெல்லி பல்கலைக்கழகம் தன்னுடைய மூன்றாண்டு எல்எல்.பி.க்குப் பொதுப் பிரிவில் 50 விழுக்காடு கேட்கிறது. தமிழ்நாடு டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்திலேயே, அதன் கீழ் உள்ள அரசு சட்டக் கல்லூரிகளுக்கு ஓர் அளவு. பல்கலைக்கழக வளாகத்தில் நடக்கும் சீர்மிகு சட்டப் பள்ளியின் ஹானர்ஸ் படிப்புகளுக்கு அதைவிட உயர்ந்த அளவு. ஒரே பல்கலைக்கழகம்தானே என்று ஒரே எண்ணை மனதில் வைத்துக்கொண்டு இரண்டுக்கும் பணம் கட்டாதீர்கள். ஒவ்வொரு ஆண்டும் விண்ணப்பத்தோடு வெளியிடுகிற விளக்கக் கையேட்டில் 'தகுதி' என்ற பகுதியை முதலில் படியுங்கள். கல்லூரிப் படங்கள் உள்ள பக்கத்தை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

44.8 விழுக்காட்டை 45 என்று எடுத்துக்கொள்வார்களா? வாய்வார்த்தையை நம்பாதீர்கள். கையேட்டில் முழுமையாக்கலாம் என்று எழுதியிருந்தால் உண்டு. எழுதாவிட்டால் இல்லை என்று வைத்துக்கொண்டு அடுத்த வழியைப் பாருங்கள்.

தகுதி வேறு, இடம் வேறு என்பதை விதி 7-க்கு அடியிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள்: குறைந்தபட்ச மதிப்பெண் இருப்பதாலேயே சேர்க்கை உரிமையாகிவிடாது, அந்த நிறுவனத்தின் மற்ற நிபந்தனைகளைச் சந்திக்கத்தான் அது வழி விடும். 45 விழுக்காடு என்பது கல்யாண மண்டப வாசலில் சந்தனம் கொடுத்து உள்ளே விடுவது மாதிரி. பந்தியில் இலை கிடைத்துவிட்டது என்று பொருள் இல்லை.

அந்தப் பந்தியும் ஊருக்கு ஊர் வேறு. தமிழ்நாட்டு அரசு சட்டக் கல்லூரிகளில் ஐந்தாண்டுப் படிப்புக்கு நுழைவுத் தேர்வு கிடையாது. பிளஸ் டூ மதிப்பெண்ணை வைத்தே ரேங்க் பட்டியல், பிறகு கவுன்சலிங், 69 விழுக்காடு இட ஒதுக்கீடு. ஆறாம் வகுப்பிலிருந்து பிளஸ் டூ வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு 2021-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 7.5 விழுக்காடு முன்னுரிமை ஒதுக்கீடு சட்டப் படிப்பிலும் உண்டு. இதை மருத்துவத்துக்கு மட்டும் என்று நினைத்து விட்டுவிடுகிறவர்கள் இருக்கிறார்கள். இங்கே ஒவ்வொரு மதிப்பெண்ணும் உங்களை வரிசையில் முன்னே தள்ளும்.

தேசிய சட்டப் பல்கலைக்கழகங்களில் கதை வேறு. திருச்சியில் உள்ள தமிழ்நாடு தேசிய சட்டப் பல்கலைக்கழகம், பெங்களூர், ஹைதராபாத் போன்றவற்றுக்கு கிளாட் என்ற பொது நுழைவுத் தேர்வு எழுத வேண்டும். அதில் பொதுப் பிரிவுக்கு 45, பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 40 என்பது வெறும் கதவு. பிளஸ் டூவில் 46 விழுக்காடு எடுத்தவரும் 96 எடுத்தவரும் அந்தக் கதவைத் தாண்டியதும் ஒரே கோட்டில் நிற்கிறார்கள். மீதியை அந்த இரண்டு மணி நேரத் தேர்வு பார்த்துக்கொள்ளும். பிளஸ் டூவில் சுமாராக எடுத்து, ஆங்கிலத்தில் நீளமான பத்திகளைப் படித்து விளங்கிக்கொள்ள வருகிற பிள்ளைக்கு இது நல்ல வாய்ப்பு. தமிழ் வழியில் படித்து நல்ல மதிப்பெண் எடுத்த பிள்ளைக்கு மாநிலக் கவுன்சலிங்தான் பலம். கிளாட் ஆங்கிலத்தில் மட்டும்தான் நடக்கிறது. இது சரியா என்று கேட்டால், எனக்குச் சரியாகப் படவில்லை. நாளைக்கு உரிமையியல் நீதிமன்றத்தில் தமிழில் சாட்சியை விசாரிக்கப் போகிறவரை எடுப்பதற்கு ஆங்கிலம் மட்டும் அளவுகோலாக இருப்பது எனக்கு இன்னும் விளங்காத விஷயம்.

268 எடுத்தவர் என்ன செய்வது?

இரண்டு மதிப்பெண்ணில் 270 தவறிப்போன ஒரு பையனை அவன் அப்பா அழைத்து வந்திருந்தார். பிற்படுத்தப்பட்ட வகுப்பு. அப்பா மறுகூட்டலைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தார். மறுகூட்டல் போடட்டும், தப்பில்லை. ஆனால் அவர்களுக்குத் தெரியாமல் இருந்தது இன்னொன்று: மூன்றாண்டு எல்எல்.பி.க்குப் போகும்போது விதி 7 கேட்பது டிகிரி மதிப்பெண்ணை மட்டும்தான். பிளஸ் டூவில் பாஸ் ஆகியிருந்தால் போதும். அதில் எத்தனை விழுக்காடு என்பது அங்கே தகுதிக் கணக்கில் வராது. அந்தப் பையன் ஊரில் உள்ள கலைக் கல்லூரியில் பி.ஏ. சேர்ந்து 45-க்கு மேல் எடுத்தால், இந்த 268 அவனைத் துரத்திக்கொண்டு வராது. ஓர் ஆண்டு கூடுதல், கதவு அதே கதவு.

டிகிரியில் விழுக்காடு பார்ப்பதில்தான் ஒரு சிக்கல் உண்டு. நம் பல்கலைக்கழகங்களில் பகுதி ஒன்று தமிழ், பகுதி இரண்டு ஆங்கிலம், பகுதி மூன்று முதன்மைப் பாடம் என்று பிரித்துப் போடுகிறார்கள். சில மார்க் ஷீட்டில் கிரேடு பாயின்ட் மட்டும் இருக்கும். எந்தப் பகுதிகளைச் சேர்த்து 45 பார்க்கிறார்கள், கிரேடு பாயின்ட்டை விழுக்காடாக எப்படி மாற்றுகிறார்கள் என்பது சேர்க்கைக் கையேட்டில் இருக்கும். பட்டம் கொடுத்த பல்கலைக்கழகத்திடம் மாற்றுச் சான்று ஒன்றை முன்கூட்டியே வாங்கி வைத்துக்கொண்டால் கடைசி நாளில் ஓட வேண்டாம்.

படி வரிசை: யாரும் கேட்காத, ஆனால் கேட்க வேண்டிய கேள்வி

மதிப்பெண்ணைப் பற்றி இவ்வளவு கேட்கிறவர்கள், அதைவிட ஆபத்தான ஒன்றைக் கேட்பதே இல்லை. நீங்கள் எவ்வளவு எடுத்தீர்கள் என்பதற்கு முன்னால், எந்த வழியாக வந்தீர்கள் என்று விதி பார்க்கிறது.

பத்தாம் வகுப்பு, அதன்மேல் பிளஸ் டூ, அதன்மேல் டிகிரி. அரசாணைகளில் இதை 10+2+3 என்று எழுதுவார்கள். ஒவ்வொரு படியிலும் கால் வைத்து ஏறியிருக்க வேண்டும். விதி 5 இதற்கு இரண்டு பகுதிகளாகப் பதில் சொல்கிறது. அந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காமல் ஊரில் பாதிப் பேர் தப்பாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள்.

முதல் பகுதி ஆறுதலானது. பிளஸ் டூவையோ டிகிரியையோ தொலைநிலைக் கல்வியில், அதாவது நாம் 'கரஸ்' என்று சொல்கிற அஞ்சல் வழியில் படித்திருந்தாலும் தகுதி உண்டு. கரஸில் படித்தால் லா சேர முடியாது என்பது தவறு. தேசிய திறந்தநிலைப் பள்ளியில் பிளஸ் டூ முடித்தவரும், தனித்தேர்வராக எழுதியவரும், பிளஸ் டூ முடித்துவிட்டுத் தமிழ்நாடு திறந்தநிலைப் பல்கலைக்கழகத்திலோ இந்திரா காந்தி தேசிய திறந்தநிலைப் பல்கலைக்கழகத்திலோ பி.ஏ. முடித்தவரும் இந்த இடத்தில் பயப்பட வேண்டியதில்லை.

இரண்டாம் பகுதி விளக்கக் குறிப்பாக வருகிறது. அடிப்படைத் தகுதி எதுவும் இல்லாமல், திறந்தநிலை முறையில் நேரடியாகப் பிளஸ் டூ, இளங்கலை, முதுகலை பெற்றவர்கள் சட்டப் படிப்பில் சேர முடியாது. 'நேரடியாக' என்பதுதான் உயிர்ச்சொல். பத்தாவதோடு நின்றவர் பிளஸ் டூ இல்லாமல் டிகிரிக்குப் போயிருந்தால் அந்த டிகிரி இங்கே செல்லாது. டிகிரி இல்லாமல் முதுகலை வாங்கியிருந்தால் அதுவும் செல்லாது.

இது எப்படி நடக்கிறது என்றால், திறந்தநிலைப் பல்கலைக்கழகங்களின் நோக்கமே பள்ளியைப் பாதியில் விட்டவர்களை மறுபடி படிக்கவைப்பதுதான். இந்திரா காந்தி தேசிய திறந்தநிலைப் பல்கலைக்கழகம் பிளஸ் டூ இல்லாதவர்களுக்காக ஆறு மாத ஆயத்தப் படிப்பு ஒன்றை வைத்திருந்தது. அதில் தேறினால் பி.ஏ. சேரலாம். தமிழ்நாட்டிலும் வயது மட்டும் நிறைந்திருந்தால் போதும் என்று நேரடியாக எம்.ஏ. கொடுத்த காலம் உண்டு. படித்தவர்கள் யாரையும் ஏமாற்றவில்லை. பல்கலைக்கழகம் திறந்துவிட்ட கதவு வழியாகத்தான் போனார்கள்.

எனக்குத் தெரிந்த ஒருவர், நாற்பது வயதைத் தாண்டியவர், மில் வேலை. பத்தாவதோடு நின்றவர் இரவு ஷிஃப்ட் முடித்து வந்து படித்து அப்படித்தான் பி.ஏ., பிறகு எம்.ஏ. வாங்கினார். தொழிற்சங்கத்தில் வழக்குகளைக் கவனித்த அனுபவம், பல ஜூனியர்களைவிட நன்றாக மனு எழுதுவார். லா படிக்க வேண்டும் என்று வந்தார். சான்றிதழ்களைத் தேதி வாரியாக அடுக்கியபோது நடுவில் ஒரு படி இல்லை. எம்.ஏ. வரை படித்த மனிதரிடம் 'நீங்கள் பிளஸ் டூ எழுத வேண்டும்' என்று சொல்வது எனக்கே கூச்சமாக இருந்தது. விதி கடுமையானது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அதை மறைத்துச் சேர்த்துவிடுகிற இடைத்தரகர்கள் செய்வது அதைவிடக் கடுமையானது. மூன்று ஆண்டு உழைப்பும் பணமும் போன பிறகு பதிவின்போது அது வெளியே வரும்.

நீதிமன்றங்களும் இந்த விஷயத்தில் இளகவில்லை. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் திறந்தநிலை முறையில் கொடுத்த, இளங்கலைப் பட்டம் இல்லாத முதுகலைப் பட்டம் செல்லாது என்று 2009-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அது சட்டப் படிப்பு பற்றிய வழக்கு அல்ல, அரசுப் பதவி பற்றியது. அதே ஆண்டு ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு போட்ட 107-ஆம் எண் அரசாணையும் பத்தாவது, பிளஸ் டூ, அதன்பின் டிகிரி என்ற வரிசையில் வந்தவர்களின் திறந்தநிலைப் பட்டங்களையே வேலைக்கு ஏற்றுக்கொண்டது. லா சேரப் போகிறவர் பிற்பாடு அரசு வழக்கறிஞர் பணிக்கோ நீதிபதி தேர்வுக்கோ போக நினைத்தால் அங்கேயும் இதே கேள்வி காத்திருக்கும்.

அந்த மில் நண்பருக்கு வழியே இல்லையா? இருந்தது, நீண்ட வழி. பத்தாவது சான்றிதழை வைத்துக்கொண்டு பிளஸ் டூவை முறையாக எழுதுவது. அதில் உரிய விழுக்காடு இருந்தால், கல்லூரியின் வயது நிபந்தனையைப் பார்த்துக்கொண்டு, ஐந்தாண்டுப் படிப்புக்கே போகலாம். அல்லது அந்தப் பிளஸ் டூவின் மேல் புதிதாக ஒரு டிகிரி படித்து மூன்றாண்டுக்கு வரலாம். பழைய எம்.ஏ.வுக்கு அடியில் பிளஸ் டூவைப் பிறகு செருகினால் போதுமா என்று கேட்டார். வீடு கட்டி முடித்த பிறகு அஸ்திவாரம் போட முடியுமா என்று அவரே சிரித்துக்கொண்டார்.

வயது

2008 விதிகளில் வயது உச்சவரம்பு இருந்தது. ஐந்தாண்டுப் படிப்புக்குப் பொதுப் பிரிவில் 20, ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 22. மூன்றாண்டுக்கு 30, 35. இதைப் பார் கவுன்சிலே 2013-இல் விலக்கிக்கொண்டது, 2016-இல் மறுபடி கொண்டுவந்தது, 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை போட்டது. கிளாட் தேர்வில் இப்போது உச்சவரம்பு இல்லை. பணி ஓய்வுக்குப் பின் லா படிக்க வருகிறவர்கள் மூன்றாண்டு வகுப்புகளில் சாதாரணமாகவே இருக்கிறார்கள். 45 வயதுக்கு மேல் வழக்கறிஞராகப் பதிவு செய்ய முடியாது என்று ஒரு விதி முன்பு இருந்தது. உச்ச நீதிமன்றம் 1995-இல் அதை அடித்துவிட்டது. கீழ் வரம்பு ஒன்றுதான் மிச்சம்: பதிவு செய்ய 21 முடிந்திருக்க வேண்டும்.

ஒரே நேரத்தில் இரண்டு, பாதியில் ஏறுவது, பாதியில் இறங்குவது

2022-இல் பல்கலைக்கழக மானியக் குழு ஒரே சமயத்தில் இரண்டு டிகிரி படிக்கலாம் என்று அறிவித்ததும், 'எம்.பி.ஏ.வும் லாவும் சேர்த்துப் போடலாமா' என்று போன் வர ஆரம்பித்தது. அந்த அறிவிப்பிலேயே தொழிற்கல்வி மன்றங்களின் விதிகளுக்கு உட்பட்டு என்று இருக்கிறது. பார் கவுன்சிலின் விதி 6, எல்எல்.பி. படிக்கும்போது இன்னொரு முழுநேரப் படிப்பில் பதிவு செய்வதைத் தடுக்கிறது. மொழி, கணினி போன்ற குறுகிய கால பகுதிநேரச் சான்றிதழ் வகுப்புகளுக்கு விலக்கு உண்டு. இரண்டு பட்டங்களின் தேதிகள் ஒன்றின் மேல் ஒன்று விழுந்தால் பதிவின்போது கேள்வி வரும்.

பி.ஏ. முடித்துவிட்டேன், ஐந்தாண்டுப் படிப்பில் நேராக மூன்றாம் ஆண்டில் சேரலாமா? கூடாது, விதி 13 பக்கவாட்டு நுழைவைத் தடுக்கிறது. ஐந்தாண்டில் மூன்று முடித்துவிட்டு பி.ஏ.வை மட்டும் வாங்கிக்கொண்டு கிளம்பலாமா? அதுவும் கூடாது.

வேலை பார்த்துக்கொண்டே படிப்பது? லா முழுநேரப் படிப்பு. வாரத்துக்கு 30 மணி நேரம் வகுப்பு என்று விதி. அஞ்சல் வழியில் எல்எல்.பி. என்று யாராவது விளம்பரம் செய்தால் அது பதிவுக்கு உதவாது. டிகிரியைக் கரஸில் படிக்கலாம், லாவைக் கரஸில் படிக்க முடியாது என்று நினைவில் வைத்துக்கொண்டால் போதும். 'வந்து பரீட்சை மட்டும் எழுதுங்க, அட்டென்டன்ஸ் நாங்க பாத்துக்கிறோம்' என்று வெளிமாநிலக் கல்லூரிகளின் பெயரில் பேசுகிற ஏஜென்டுகளிடம் பணம் கொடுத்து மாட்டியவர்களை நான் பார்த்திருக்கிறேன். சம்பளப் பதிவேட்டில் அவர் கோயம்புத்தூரில், வருகைப் பதிவேட்டில் ஆயிரம் கிலோமீட்டர் தள்ளி. இரண்டு பதிவேடும் ஒருநாள் ஒரே மேசைக்கு வந்தால் என்ன பதில் சொல்வார்?

வெளிநாட்டுச் சான்றிதழ்

பிளஸ் டூவுக்குச் சமமான வெளிநாட்டுப் படிப்புகளையும் விதி ஏற்கிறது. ஏ லெவல் என்று பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. இலங்கையில் உயர்தரம் முடித்தவர்களுக்கு இது பொருந்தும். இணைத்தன்மைச் சான்றிதழை இந்தியப் பல்கலைக்கழகங்களின் சங்கத்திடம் வாங்க வேண்டியிருக்கும். ஆனால் இங்கே சேர்க்கையும் பதிவும் வேறு வேறு என்பது வலிக்கிற மாதிரி தெரியும். வழக்கறிஞர்கள் சட்டத்தின் 24-ஆம் பிரிவு, பதிவுக்கு இந்தியக் குடியுரிமை கேட்கிறது. வேறு நாட்டவர் என்றால், அந்த நாடு இந்தியர்களைத் தன் நீதிமன்றங்களில் தொழில் செய்ய அனுமதிக்க வேண்டும். நம் மறுவாழ்வு முகாம்களில் பிறந்து, இங்கேயே பிளஸ் டூ எழுதி, நல்ல மதிப்பெண் எடுக்கிற பிள்ளைக்குச் சேர்க்கைத் தகுதிக் கணக்கில் குறை இல்லை. ஐந்து ஆண்டு கழித்துத்தான் அந்தக் கேள்வி எழும். சேரும்போதே அதைச் சொல்லிவிடுவது நியாயம்.

காகிதங்கள்

பதிவின்போது பத்தாவதிலிருந்து எல்லாச் சான்றிதழ்களையும் கேட்பார்கள். அதற்குப் பிறகும் சரிபார்ப்பு முடிவதில்லை. போலிச் சான்றிதழ்கள் பற்றிய வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம், ஓய்வுபெற்ற நீதிபதி தீபக் குப்தா தலைமையில் குழு அமைத்து, நாடு முழுவதும் ஏற்கெனவே பதிவு பெற்ற வழக்கறிஞர்களின் சான்றிதழ்களையும் சரிபார்க்கச் சொன்னது. கருப்புக் கோட்டு போட்டு இருபது ஆண்டு ஆனவரும் மார்க் ஷீட்டைத் தேடி பரண் ஏறினார்.

ஆகவே விண்ணப்பிக்கும் முன் ஒரு மாலை நேரத்தை ஒதுக்கி, எல்லாவற்றையும் தரையில் தேதி வரிசையில் பரப்புங்கள். பத்தாவது எந்த ஆண்டு, பிளஸ் டூ எந்த ஆண்டு, டிகிரி சேர்ந்தது எப்போது, முடித்தது எப்போது. பிளஸ் டூவில் ஒரு பாடம் அரியர் வைத்து, அதை எழுதிப் பாஸ் செய்வதற்கு முன்னாலேயே எங்காவது டிகிரியில் சேர்ந்திருக்கிறீர்களா என்று பாருங்கள். அப்படி இருந்தால் சேர்க்கை அலுவலகத்தில் எழுத்து மூலமாகக் கேட்டு, எழுத்து மூலமாகப் பதில் வாங்குங்கள். ஒரிஜினல் தொலைந்திருந்தால் இப்போதே நகலுக்கு விண்ணப்பியுங்கள். தேர்வுத் துறையில் அது ஒரு வாரத்தில் வந்துவிடும் என்று நம்பி இருக்க வேண்டாம்.

அப்படியே பெயரையும் பாருங்கள். பத்தாவதில் எஸ். முருகேசன், டிகிரியில் முருகேசன் எஸ்., ஆதாரில் முருகேசன் சுப்பையா. ஆங்கில எழுத்தில் ஒன்றில் ஓர் 'எச்' கூடுதல். நமக்கு எல்லாம் ஒரே ஆள்தான். வடக்கே தயாரான இணைய விண்ணப்பப் படிவத்துக்கு மூன்று ஆட்கள். அது குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் வைத்துவிட்டு நம் இனிஷியலைப் பார்த்து முழிக்கும். பத்தாவது சான்றிதழில் இருப்பதுதான் மூலம் என்று வைத்துக்கொண்டு, மற்றவற்றை அதற்கு ஏற்ப அரசிதழ் அறிவிப்பு மூலமோ திருத்த விண்ணப்பம் மூலமோ சரிசெய்யலாம். கவுன்சலிங் நாள் குறித்த பிறகு இதில் இறங்கினால் நேரம் போதாது.